சீட்டுக்கு அடியில ஒரு 'தும் தும்'!

கார்ல பாட்டு போட்டா வயலின் கேட்குது, பேஸ் கிடாரை மட்டும் காணோமா பாஸ்? குத்தம் பாட்டு மேல இல்லை. நம்ம காது 20 ஹெர்ட்ஸ் வரைக்கும் கீழே இறங்கும். கதவில் இருக்கும் குட்டி ஸ்பீக்கரால் அவ்வளவு இறங்க முடியாது.

அதுக்காக டிக்கியை அடைக்கும் பெரிய பெட்டி வேண்டாம். ஆம்ப்ளிஃபயரையும் உள்ளேயே வைத்திருக்கும் 8 இன்ச் சப்வூஃபர் சீட்டுக்கு அடியில் சமர்த்தாகப் படுத்துக்கொள்ளும். ரொம்பத் தாழ்ந்த ஒலி எந்தப் பக்கமிருந்து வருதுன்னு காதுக்குப் பிடிபடாது. ஒளித்து வைத்தாலும் ஓகே!

ட்யூஷன் காசில் எங்கள் பழைய சான்ட்ரோவில் அதைத்தான் மாட்டினேன். கேஸட் காலத்திலிருந்தே இளையராஜா பைத்தியமான அப்பா, "இந்தப் பாட்டுக்குள்ள இப்படி ஒண்ணு ஓடிட்டிருந்துச்சாடா?" என்றார். ப்ளஸ் டூவுக்கு அப்புறம் மார்க், வேலை பற்றிப் பேசாமல் நாங்கள் சேர்ந்து உட்கார்ந்தது அன்றைக்குத்தான்.

மாட்டும்போது பவர் வயரை நேராக பேட்டரியிலிருந்து எடுங்க. பேட்டரிக்குப் பக்கத்திலேயே ஃப்யூஸ் கட்டாயம். ஷார்ட் ஆனால் எரியப்போவது ஃப்யூஸா, காரா என்பதை அதுதான் முடிவு பண்ணும். ஃபில்டரை 80 ஹெர்ட்ஸ் பக்கம் வைங்க. பேஸ் தனியாகத் துருத்தினால் ஓவர். ஆஃப் பண்ணினதும் என்னவோ குறையுதேன்னு தோணினா கரெக்ட்.

பின்னாடி வர்ற ஆம்புலன்ஸ் சைரன் கேட்கணும். லிமிட் அவ்வளவுதான்!