புகைவண்டி வாராத சீமை

செஞ்சிக்கும் விழுப்புரத்துக்கும் இடைப்பட்ட சிற்றூர்களுள் பனமலையும் ஒன்று. அதன் குன்றின்மேல், எட்டாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் பல்லவ வேந்தன் இராசசிம்மன் எழுப்பிய தாளகிரீசுவரர் கற்றளி நிற்கின்றது. அங்கே எஞ்சியிருக்கும் உமையம்மையின் சுவரோவியத்தை உலகறியச் செய்தவர் புதுச்சேரியில் வாழ்ந்த பிரெஞ்சு அறிஞர் ழூவோ துப்ராய். பிற சமயத்தார் கோயிலாயினும், ஆயிரத்து முந்நூறு ஆண்டுக் கலைச்செல்வத்தை நம் பிள்ளைகள் அறிய வேண்டும் என்னும் எண்ணத்தால், பங்கு இளைஞர் சிலரை அங்கு அழைத்துச் சென்றிருந்தேன். எங்களுடன் எம் பங்கின் முதியவர் ஒருவரும் வந்திருந்தார். விழுப்புரத்தில் நீராவி இயந்திரத்தில் பயர்மேனாகப் பணியாற்றி ஓய்வு பெற்றவர் அவர்.

குன்றின் உச்சியில் காற்று வாங்க அமர்ந்தபோது அவர் கிழக்கே கைநீட்டினார். "சாமி, அந்தப் பக்கம் சென்னை லைன். இந்தப் பக்கம் திருக்கோவிலூர் வழியாத் திருவண்ணாமலை லைன். நடுவுல நம்ம ஊரு. எந்த வண்டி ஊதினாலும் இங்க காதுல விழாது."

அவர் சொன்ன அந்த இரண்டு பாதைகளின் கதை நெடியது. 1853ஆம் ஆண்டு இங்கிலாந்தில் 'கிரேட் சதர்ன் ஆப் இந்தியா' என்னும் இருப்புப்பாதைக் கம்பெனி அமைந்தது. அதன் பங்குதாரர்கள் இலண்டனில் இருந்தனர். அவர்கள் இட்ட முதலுக்கு நூற்றுக்கு ஐந்து வட்டி நிச்சயம் என்று அரசு உறுதி கூறியிருந்தது. வண்டி இலாபத்தில் ஓடினால் இலாபம் அவர்களுக்கு. ஓடாவிட்டால் குறைவை நிரப்புவது இந்நாட்டு மக்கள் செலுத்தும் வரி. கடன் கொடுத்தவனுக்கு இதனினும் பாதுகாப்பான ஏற்பாடு வேறு உண்டோ, யான் அறியேன்.

அக்கம்பெனி நாகப்பட்டினத் துறைமுகத்திலிருந்து 1861இல் தஞ்சாவூருக்கும், 1862இல் திருச்சிராப்பள்ளிக்கும் பாதை அமைத்தது. அது ஐந்தரை அடி அகலப் பாதை. பின்னர் செலவைச் சுருக்க மீட்டர் அகலமே போதும் என முடிவாகி, போட்ட தண்டவாளத்தைப் பெயர்த்துக் குறுக்கினர். (நம் நாளில் அதே மீட்டர் பாதைகளை மீண்டும் பெயர்த்து அகலமாக்கினோம். ஒரே வேலையை இருமுறை செய்வதில் நமக்கு நிகரில்லை.) 1874இல் இக்கம்பெனி கர்நாடக இரயில்வே கம்பெனியுடன் இணைந்து 'தென்னிந்திய இரயில்வே' ஆயிற்று. 1876, 1877ஆம் ஆண்டுகளில் சென்னையிலிருந்து திண்டிவனம், விழுப்புரம் வழியே கடலூர் வரையில் அதன் புகைவண்டி ஓடத் தொடங்கியது. 1879இல் விழுப்புரத்திலிருந்து பிரெஞ்சுப் புதுச்சேரிக்கு ஒரு கிளையும், பின்னர் 1890களின் தொடக்கத்தில் திருவண்ணாமலை வழியே வடக்கு நோக்கி மற்றொரு கிளையும் பிரிந்தன. சமவெளியும், துறைமுகங்களும், காவிரிக் கரையின் நெல்வயல்களும் பாதையைத் தம்பால் ஈர்த்தன. பாறைக் குன்றுகள் சூழ்ந்த செஞ்சிச் சீமை இடையில் தனித்து விடப்பட்டது.

பாதை திண்டிவனத்தை எட்டிய அந்த 1876ஆம் ஆண்டை நம் முன்னோர் வேறொரு காரணத்தால் மறக்கவில்லை. தாது வருடப் பஞ்சம் தொடங்கியது அப்போதுதான். 1878 வரை நீடித்த அப்பஞ்சத்தில் தென்னாட்டில் இலட்சக்கணக்கானோர் மாண்டனர். கப்பலில் வந்த அரிசியைப் புகைவண்டி உள்நாட்டுக்குச் சுமந்து சென்றது உண்மை. ஆனால் அது தண்டவாளம் உள்ளவரைதான் சுமக்கும். திண்டிவனத்திலிருந்து செஞ்சிக்கு ஏறக்குறைய 28 கிலோமீட்டர். அந்தத் தொலைவைக் கடக்க மாட்டுவண்டி வேண்டும். வைக்கோலும் தண்ணீரும் இன்றி மாடுகளோ மனிதருக்கு முன்பே மடிந்துகொண்டிருந்தன. நிலையத்தில் அரிசி மூட்டை இருந்தும், அது எட்டாத ஊரில் மனிதர் பசியால் சாவது எத்தகைய கொடுமை! அந்நாளில் செஞ்சிக்கு வடக்கே சேத்துப்பட்டைத் தலமாகக் கொண்டு உழைத்தவர், பாரீஸ் வெளிநாட்டு மறைபரப்புச் சபையைச் சேர்ந்த அருட்தந்தை தராஸ் அடிகளார். பசித்தோருக்குக் கஞ்சியும் திக்கற்ற குழந்தைகளுக்கு அடைக்கலமும் அளித்த அத்தகைய மறைபணியாளரின் நினைவு இப்பகுதிக் கத்தோலிக்கக் குடும்பங்களில் இன்றும் மங்கவில்லை. பஞ்சத்திற்குப் பின் ஆயிரக்கணக்கானோர் திருமுழுக்குப் பெற்றனர். அதனைக் 'கஞ்சிக்கு வந்த விசுவாசம்' என்று எள்ளி நகையாடியோர் உண்டு. நான்கு ஐந்து தலைமுறைகளாக நிலைத்து நிற்கும் விசுவாசத்தைக் கஞ்சிக் கணக்கில் எழுதுவோருடன் யான் வாதிட விரும்பவில்லை.

கம்பெனியார் மக்களை ஒன்றாக்க எண்ணி வண்டி விட்டாரல்லர். ஆயினும் மூன்றாம் வகுப்புப் பலகையில் யார் பக்கத்தில் யார் அமர்வது என்று எவரும் வரையறுக்க இயலாது போயிற்று. வண்டியில் முடியாததை நிலையத்தில் செய்தனர். சிற்றுண்டிச் சாலைகளில் பிராமணர்க்கும் பிறர்க்கும் தனித்தனி இடங்கள் இருந்தன. பெரியாரும் பிறரும் தொடர்ந்து எதிர்த்ததன் பயனாக 1941இல் அவை ஒழிந்தன. நம் ஆலயங்களுக்குள்ளும் அந்நாளில் சாதிச் சுவர்கள் இருந்தமையால், இதனைப் பிறர் குற்றமாக மட்டும் கூற எனக்கு வாய் வரவில்லை.

தொழிலாளரின் கதை தனியே எழுதத்தக்கது. நாகப்பட்டினத்திலிருந்த பணிமனை திருச்சிப் பொன்மலைக்கு மாற்றப்பட்ட காலத்தில், ஆட்குறைப்பை எதிர்த்து 1928 சூலையில் பெரும் வேலைநிறுத்தம் வெடித்தது. சிங்காரவேலர் உள்ளிட்டோர் சிறை புகுந்தனர். 1944இல் கம்பெனியின் பொறுப்பு அரசின் கைக்கு வந்தது; 1951 ஏப்ரல் 14ஆம் நாள் தெற்கு இரயில்வே பிறந்தது.

இவற்றை யான் இளைஞருக்கு விளக்கிக்கொண்டிருக்க, முதியவர் குறுக்கிட்டார். அவர் அறிந்த வரலாறு நெருப்புப் பெட்டிக்கு முன்னால் கற்றது. ஒய்.பி. இயந்திரத்தில் கரியை ஒரே இடத்தில் குவிக்கலாகாது. மூலைக்கு மூலை பரப்பித் தூவ வேண்டும். குவித்தால் நடுவில் கட்டி தட்டி நீராவி இறங்கிவிடும். புகையின் நிறத்தைக் கண்டே டிரைவர் ஏசுவாராம். செப்டம்பர் மாதத்தில் வேளாங்கண்ணித் திருநாளுக்குச் செல்லும் கூட்டத்தை ஏற்றிக்கொண்டு வண்டி போகும்போது, பெட்டிகளிலிருந்து செபமாலை ஒலி இயந்திரம் வரையில் கேட்கும். "அவங்க அருள் நிறைந்தன்னு சொல்ல, நான் ஒரு மம்மட்டி கரி போட, அப்படியே போவோம் சாமி." நாகப்பட்டினத்தில் இறங்கி அன்னையின் ஆலயம் வரை நடந்தே சென்றவர்கள் அவர்கள். 2010இல்தான் வேளாங்கண்ணிக்கே தண்டவாளம் போயிற்று.

"அங்கே போட்டாச்சு. நம்ம ஊருக்கு எப்ப சாமி?" என்றான் இளைஞருள் ஒருவன். திண்டிவனத்திலிருந்து செஞ்சி வழியே திருவண்ணாமலைக்கு ஒரு பாதை 2006–07ஆம் ஆண்டில் அனுமதி பெற்றது. இன்னும் அவ்வழியே வண்டி ஓடவில்லை. 2025இல் யுனெஸ்கோவின் உலகப் பாரம்பரியப் பட்டியலில் செஞ்சிக் கோட்டை இடம்பெற்றது. ஆயினும் அதனைக் காண வருவோர் திண்டிவனத்திலோ விழுப்புரத்திலோ இறங்கிப் பேருந்து பிடித்தாக வேண்டும். கல்லூரிக்குச் செல்லும் நம் பெண்பிள்ளைகளும், சென்னைக்குக் கட்டட வேலைக்குப் போகும் தகப்பன்மாரும் நாள்தோறும் அதையே செய்கின்றனர்.

பொழுது சாயவே இறங்கினோம். முழங்கால் வலியால் முதியவர் பாதி வழியில் நின்றுவிட்டார். இளைஞர் இருவர் தோள் கொடுத்தனர். கடைசிப் பேருந்து ஏரிக்கரைத் திருப்பத்தில் ஒலி எழுப்பியபோது, அவர் இடக்கையை உயர்த்தி, பச்சைக் கொடி காட்டுவார்போல அசைத்தார்.