மஞ்சள் ஊசித்தட்டானின் பூர்வீகம்

குறுவை நட்ட வயலின் வரப்பில் குனிந்து பார்த்தால் போதும், கண்ணில் பட்டுவிடும். தீக்குச்சியைவிட ஒல்லியான உடம்பு. கண்ணும் மார்பும் வெளிர்பச்சை, வால் முழுக்கப் பளிச்சென்ற மஞ்சள். உட்கார்ந்ததும் இறக்கையை முதுகோடு மடக்கிக்கொள்ளும். பிள்ளைகள் ஊசித்தட்டான் என்பார்கள். ஆற்றோரக் கோரை, வாய்க்கால், அல்லிக்குளம் எனக் காவிரித் தண்ணீர் தேங்கும் இடமெல்லாம் இதற்கு வீடுதான். பெண்ணுக்கு இந்தப் பளபளப்பு கிடையாது, மங்கல் பழுப்பு. அது நீர்ச்செடிக்குள் முட்டையைச் செருகும்போது, ஆண் வால் நுனியால் அதன் கழுத்தைப் பிடித்தபடி, வேறெதையும் பற்றாமல் செங்குத்தாக நிற்கும்.

இதன் அறிவியல் பெயர் செரியாக்ரியான் கோரமண்டலியானம். கோரமண்டலம் நம் சோழமண்டலக் கரை. இந்தப் பெயரை வைத்தது யார்?

தேடப் போனால், பாதை ஜெர்மனியின் கீல் நகரில் போய் நிற்கிறது. 1798-இல் அந்த ஊர் டேனிஷ் மன்னரின் ஆளுகையில் இருந்தது. அங்கே பேராசிரியராக இருந்த யோஹான் கிறிஸ்தியன் ஃபாப்ரீசியஸ், தன் பூச்சியியல் நூலின் பிற்சேர்க்கையில் இதை முதன்முதலாக விவரித்தார். இயற்கை அறிஞர் லின்னேயஸின் மாணவர். இந்தியாவுக்கு வந்தவரல்ல.

அப்படியானால் பூச்சி எப்படிப் போனது? அவர் நூல்களில் 'டிராங்கிபார்' என்ற ஊர் திரும்பத் திரும்ப வருகிறது. நம் தரங்கம்பாடிதான். 1620-இல் தஞ்சை ரகுநாத நாயக்கரோடு ஒப்பந்தம் செய்துகொண்டு டேனியர் குடியேறிய ஊர். அங்கிருந்த கிறிஸ்தவ மிஷனுக்கு மருத்துவராக 1768-இல் வந்த கோனிக் என்பவரும் லின்னேயஸின் மாணவரே. செடிகளோடு பூச்சிகளையும் சேகரித்தார், ஆனால் 1785-இல் இறந்துவிட்டார்.

அவருக்குப் பின் வந்தவர் டால்டார்ஃப் என்ற டேனிஷ் லெப்டினன்ட். இவரை எனக்கு ரொம்பப் பிடித்துவிட்டது. குளத்தோரப் பனைமரத்தில், தண்ணீருக்கு மேலே சுமார் 5 அடி உயரத்தில், செவுள்மூடி முள்ளை ஊன்றி ஏறிக்கொண்டிருந்த மீனை 1791-இல் கையால் பிடித்ததாகச் சொன்னவர். 1797-இல் லண்டன் லின்னேயன் சங்க இதழில் அது அச்சாகிப் பெரிய விவாதமே நடந்தது. பனையேறிக்கெண்டை என்று பெயரே வைத்திருக்கும் ஊரில் இதற்கு விவாதம் எதற்கோ! அதே டால்டார்ஃப் அனுப்பிய ஏராளமான பூச்சிகளை ஃபாப்ரீசியஸ் அந்த 1798 பிற்சேர்க்கையில் பதிவு செய்திருக்கிறார்.

நம் மஞ்சள் ஊசித்தட்டானும் தரங்கம்பாடியிலிருந்தே கப்பல் ஏறியிருக்க வேண்டும் என்பது என் ஊகம். சோழமண்டலக் கரை நீளமானதுதான். ஆனால் அந்தக் கரையில் டேனியர் கால் ஊன்றியிருந்த ஊர் அது.

ஃபாப்ரீசியஸ் இதை அக்ரியான் என்ற பேரினத்தில் வைத்தார். 1876-இல் பெல்ஜியத்தின் செலி லோங்ஷாம் அதைப் பிரித்துச் செரியாக்ரியான் ஆக்கினார். முன்பாதி மாறியதே தவிர, கோரமண்டலம் அப்படியே நின்றது. மருத்துவ அதிகாரியான ஃப்ரேசர் இந்தியத் தும்பிகளைப் பற்றி 1933-இல் தொடங்கி மூன்று தொகுதிகள் எழுதியபோதும் அதே பெயர்தான்.