299 முறை ஒரே நாடகம்

பதிவு கொஞ்சம் நீளம்தான். காபி போட்டுக்கொண்டு வந்து உட்காருங்கள்.

இன்று ஒரு செர்பிய நடிகரைப் பற்றிச் சொல்லப் போகிறேன். பெயர் ஸோரான் ரட்மிலோவிச். நம் பக்கம் இந்தப் பெயரைக் கேட்டவர்கள் குறைவு. ஒரே நாடகத்தில் ஒரே வேடத்தை 299 முறை நடித்தவர். பார்த்தவர்களே திரும்பத் திரும்ப டிக்கெட் வாங்கிக்கொண்டு போனார்கள். கதை தெரியும், முடிவு தெரியும், ஆனாலும் போனார்கள். ஏன் என்பதுதான் என்னைப் பிடித்துக்கொண்ட கேள்வி.

1933-ஆம் ஆண்டு மே 11-ஆம் தேதி ஸாயேச்சார் என்ற ஊரில் பிறந்தார். கிழக்குச் செர்பியாவில், பல்கேரிய எல்லைக்குப் பக்கத்தில் உள்ள சிறிய நகரம். அதன் அருகில்தான் ரோமப் பேரரசர் கலேரியஸ் கட்டிய அரண்மனையின் இடிபாடுகள் இருக்கின்றன. பள்ளிப்படிப்பு முடிந்ததும் தலைநகர் பெல்கிரேடு போனார். சட்டம், கட்டடக்கலை, மொழியியல் என்று ஒவ்வொன்றாகப் படித்துப் பார்த்தார். எதிலும் மனம் நிற்கவில்லை. கடைசியில் நாடகக் கல்லூரியில் சேர்ந்தார். நம் வீடுகளில் ஒரு பிள்ளை இப்படி மாறி மாறிப் படித்தால் என்ன பேச்சு வாங்கும் என்று உங்களுக்கே தெரியும்!

அவர் பெயர் நிலைத்தது 'அட்டெல்யே 212' என்ற அரங்கில். 1956-இல் ஒரு செய்தித்தாள் அலுவலகக் கட்டடத்தின் கூடத்தில் தொடங்கியது அது. அங்கே 212 இருக்கைகள் இருந்தன. அதையே பெயராக வைத்துவிட்டார்கள். சாமுவேல் பெக்கெட்டின் 'கோதோவுக்காகக் காத்திருத்தல்' மாதிரியான புதுவகை நாடகங்களை யூகோஸ்லாவியாவில் துணிந்து போட்ட இடம். 1964-இல் ஆல்ஃபிரெட் ஜாரி எழுதிய 'உபு அரசன்' நாடகத்தில் பேராசையும் கோழைத்தனமும் கலந்த அந்த ராஜா வேடத்தில் ரட்மிலோவிச் நடித்தார். இயக்கியவர் லுபோமிர் டிராஷ்கிச். அந்த நாடகம் 1968-இல் நியூயார்க் வரை போய்வந்தது.

1973-இல் வந்தது 'மூன்றாம் ராடோவான்'. இயக்குநர் அதே டிராஷ்கிச். எழுதியவர் துஷான் கோவாச்செவிச். அப்போது அவர் இளைஞர்தான். தலைப்பைக் கேட்டால் ராஜா கதை போல இருக்கும். ஆனால் ராடோவான் ராஜா இல்லை. கிராமத்தை விட்டு வந்து நகரத்து அடுக்குமாடி வீட்டில் உட்கார்ந்திருக்கும் ஒரு குடும்பத் தலைவன். தொலைக்காட்சித் தொடரின் கதாநாயகனுக்காக உருகுவான். பெற்ற மகளைப் படாதபாடு படுத்துவான். மூத்த மகள் பல வருடங்களாகக் கர்ப்பமாகவே இருக்கிறாள். அப்பா உத்தரவு கொடுக்காததால் பிள்ளை பெற முடியவில்லை! கிராமத்துப் பகையையும் கூடவே கொண்டுவந்து, அதே கட்டடத்தில் இருக்கும் வேறொரு குடும்பத்தோடு போர் நடத்துகிறான். கேட்டால் சிரிப்பு வரும். கொஞ்சம் யோசித்தால் சிரிப்பு அடங்கிவிடும்.

முதலில் இந்த நாடகம் பெரிதாக எடுபடவில்லை. பிறகுதான் ரட்மிலோவிச் எழுதிக்கொடுத்த வசனத்துக்கு நடுவே தன் பேச்சையும் சேர்க்கத் தொடங்கினார். அன்றைய செய்தி உள்ளே வரும். தாமதமாக வந்து இருக்கை தேடுகிறவரும் நாடகத்துக்குள் வந்துவிடுவார். சக நடிகர்கள் சிரிப்பை அடக்கப் படும் பாடும் நாடகத்தில் ஒரு பகுதியாகிவிட்டது. நேற்று பார்த்ததை இன்று பார்க்க முடியாது. அதனால்தான் கூட்டம் திரும்பத் திரும்ப வந்தது.

எழுதிய ஆசிரியரின் வசனத்தை நடிகர் இப்படி மாற்றலாமா? நியாயமான கேள்விதான். வகுப்பறையிலும் இதே கேள்வி உண்டு. பாடநூலை விட்டு ஆசிரியர் எவ்வளவு தூரம் போகலாம்? என் கணிப்பு இது: ரட்மிலோவிச் கிளைகளைத்தான் மாற்றினார், மரத்தை வெட்டவில்லை. என்ன சேர்த்தாலும் ராடோவான் ராடோவானாகவே இருந்தான். வீட்டுக்குள் அடக்கி ஆள்கிறவன், வெளியே ஒன்றுமில்லாதவன். அந்த முதுகெலும்பு தெரிந்தவருக்கு மட்டும்தான் இஷ்டத்துக்குப் பேசும் உரிமை வரும். பாடம் தெரியாமல் கதை அடிப்பது வேறு. பாடம் கரைத்துக் குடித்துவிட்டுக் கதை சொல்வது வேறு.

நான் 34 வருடம் தொடக்கப்பள்ளியில் வேலை பார்த்தவள். பின்னக் கணக்கை 34 வருடமும் நடத்தினேன். ஒரு வருடம் கொய்யாப்பழத்தை வெட்டி, ஒரு வருடம் தோசையைப் பிய்த்து, ஒரு வருடம் காகிதத்தை மடித்து. ஒருமுறை நான்கு பேருக்கு ஒரு தோசை, ஆளுக்குக் கால் பங்கு என்று சொல்லிக்கொண்டிருந்தேன். ஒரு சின்னப் பெண் எழுந்து, "டீச்சர், எங்க வீட்ல அம்மா கடைசியாத்தான் சாப்பிடும். அதுக்குக் கால் பங்கு வராதே?" என்றாள். வகுப்பே அமைதியாகிவிட்டது. அன்று பாடத்திட்டத்தை ஓரமாக வைத்தேன். கணக்கில் சமபங்கு தானாக வரும், வீட்டில் பிரிக்கிறவர் மனசு வைத்தால்தான் வரும் என்று பேசினோம். யார் வீட்டில் யார் கடைசியாகச் சாப்பிடுகிறார்கள் என்று ஒவ்வொரு பிள்ளையாகச் சொன்னது. அப்புறம்தான் கரும்பலகையில் கால், அரை, முக்கால் எழுதினேன். அடுத்த வருடம் அதே பாடம். ஆனால் அந்தப் பெண் வகுப்பில் இல்லை. அந்தக் கேள்வியை நானே கேட்டுப் பார்த்தேன், அந்த அமைதி வரவில்லை.

மகள் வியன்னாவில் இருக்கிறாள். போன வருடம் அங்கே போயிருந்தபோது பக்கத்து வீட்டு செர்பியப் பாட்டி இந்த நாடகத்தின் தொலைக்காட்சிப் பதிவைப் போட்டுக் காட்டினார். எனக்கு மொழி தெரியாது. அவர் ஜெர்மனில் சொல்ல, மகள் தமிழில் சொன்னாள். மொழிபெயர்ப்பு வருவதற்கு முன்பே எனக்குச் சிரிப்பு வந்தது. அந்த மீசையும், அந்த நிதானமும், ஒரு வார்த்தைக்கு முன்னால் அவர் எடுத்துக்கொள்ளும் இடைவெளியும் அப்படி. முடிந்ததும் பாட்டி சொன்னார்: "நான் நேரில் பார்த்தது இது இல்லை. நான் பார்த்த ராத்திரி வேறு."

திரையிலும் அவர் சாதாரணமில்லை. 1971-இல் துஷான் மகவேயேவ் எடுத்து யூகோஸ்லாவியாவில் பல வருடம் தடைபட்டுக் கிடந்த படத்தில் நடித்தார். 1982-இல் ஸ்லோபோடான் ஷியான் இயக்கிய 'மராத்தான் ஓட்டக்காரர்கள் வெற்றிச் சுற்று ஓடுகிறார்கள்' படத்தில் பிலி பிட்டோன் என்ற வேடம். கல்லறையைத் தோண்டிச் சவப்பெட்டிகளைத் திருடி, அதைச் சவப்பெட்டி வியாபாரிகளுக்கே விற்கிற கூட்டத்தின் தலைவன்! கதை அதே கோவாச்செவிச்சுடையது. அந்தப் படத்தின் வசனங்களைச் செர்பியர்கள் இன்றும் பேச்சுக்கு நடுவே சொல்லிச் சிரிக்கிறார்கள்.

1985 ஜூலை 21-இல் காலமானார். வயது 52. ராடோவான் 300-ஐத் தொடவில்லை. பிறந்த ஊர் நாடக அரங்குக்கு அவர் பெயர் வைத்திருக்கிறார்கள். அவர் நினைவாக அங்கே வருடாவருடம் நாடக விழா நடக்கிறது. நல்ல நடிகருக்கு அங்கே கொடுக்கும் விருதின் பெயர் 'ஸோரானின் மீசை'.

இதையெல்லாம் ஏன் எழுதுகிறேன் என்றால், அண்மையில் ஓர் இளம் ஆசிரியை என்னிடம், "டீச்சர், நல்லா நடத்துறவங்க பாடத்தை ஒரு தடவை வீடியோ எடுத்து வெச்சா போதாதா? எதுக்கு வருஷாவருஷம் தொண்டை வத்தணும்?" என்று கேட்டாள். கிண்டலாகக் கேட்கவில்லை, களைத்துப்போய்க் கேட்டாள். வீடியோ வேண்டாம் என்று நான் சொல்லவில்லை. அந்த ஒரு பதிவு இல்லையென்றால் ரட்மிலோவிச்சை நான் பார்த்திருக்கவே முடியாது. ஆனால் பதிவில் இருப்பது ஒரே ஒரு ராத்திரி. தாமதமாக வருகிறவரை அந்தப் பதிவு கவனிக்காது. அம்மா கடைசியாகச் சாப்பிடுகிறாள் என்று ஒரு பிள்ளை எழுந்து சொன்னால் வீடியோ நிற்காமல் ஓடிக்கொண்டே இருக்கும். "அதனால நீ போய் நடத்து கண்ணு, வீடியோவும் எடுத்து வை" என்றேன்.

உங்களுக்கும் ஒரு ஆசிரியரோ நடிகரோ பாடத்தை விட்டு விலகிச் சொன்னது இன்னும் மனதில் இருக்கும். நேரம் கிடைத்தால் கீழே எழுதுங்கள். ஒவ்வொன்றாகப் படிக்கிறேன்.