தந்தை பெயர் எழுதும் கட்டம்

கல்லூரிக்கால நினைவொன்றை எழுதித் தருமாறு மலர்க்குழுவினர் எம்மைப் பணித்தனர். இங்கு மாணவனாயிருந்து, பின்னர் ஆசிரியனாயும் அமர்ந்த எமக்கு நினைவுகளுக்குக் குறைவில்லை. எனினும் எழுத அமர்ந்தபோது மெய்வல்லுநர் போட்டியோ கலைவிழாவோ முன்வந்து நிற்கவில்லை. 2010ஆம் ஆண்டில் நிரப்பப்பட்ட மாணவர் படிவமொன்றே முன்வந்தது.

மெனிக் பாம் முகாமிலிருந்து மக்கள் கிளிநொச்சிக்கு மீண்டுகொண்டிருந்த காலம் அது. தறப்பாளின்கீழ் வகுப்புகள் நடந்தன. பழைய பதிவேடுகள் அழிந்தமையால் ஒவ்வொரு பிள்ளையின் விவரத்தையும் புதிதாய்த் திரட்டினோம். ஆறாந்தர மாணவனொருவன் தந்தையின் பெயரை எழுதித் தொழிற் கட்டத்தை வெறுமையாய் விட்டிருந்தான். தந்தையார் 2009 மே மாதத்தில் முல்லைத்தீவில் காணாமற்போனவர் என்பதை அறிவோம். “காலமானார் எண்டு எழுதிவிடு, தம்பி” என்றோம். அவன் தலைநிமிராமலே, “அம்மா அப்பிடி எழுதவேண்டாம் எண்டவா, சேர்” என்றான்.

அவன் வகுப்பிலே அடிக்கடி உறங்குவான். கண்டிக்கத் தந்தையில்லாத குறை என்று ஆசிரியர் அறையில் யாமும் சொன்னதுண்டு. ஒருநாள் மாலை அவன் வீட்டை நாடிச் சென்றோம். தாயார் வயற்கூலிக்குப் போயிருந்தார். அம்மம்மா நோயுற்றுப் பாயிற் கிடந்தார். பையன் தண்ணீர் அள்ளி, தங்கைக்குக் கஞ்சி ஆற்றிக் கொடுத்துக்கொண்டிருந்தான். இருட்டியபின் தாயார் வந்து, மேலிற் சேறு காயுமுன்னே விளக்கை ஏற்றி, “வாசி” என்று அருகில் அமர்ந்தார். சற்று நேரத்தில் அயல்வீட்டுச் சிறுமியும் புத்தகத்தோடு வந்து அமர்ந்தாள். அவளுக்குத் தந்தையும் உண்டு, தாயும் உண்டு. தந்தை கசிப்புக் குடித்துவிட்டு வரும் இரவுகளில் அவள் படிப்பது இங்கேதான். அன்று யாம் ஆசிரியர் அறையிற் சொன்னதை எண்ணி நாணினோம்.

இதனால், ஒற்றைப் பெற்றார் வீடே போதும் என்று கூற யாம் துணியோம். இருவர் ஈட்டுவதும் இருவர் காப்பதும் நன்றே. அமெரிக்கச் சமூகவியலாளரான சேரா மக்லனகனும் காரி சாண்டஃபரும் 1994இல் வெளியிட்ட நூலில், பெற்றாருள் ஒருவரோடு மட்டும் வளரும் பிள்ளைகள் கல்வியிற் பின்தங்குவதைக் காட்டினர். ஆயின் அப்பின்னடைவில் ஏறத்தாழப் பாதிக்கு வருமானக் குறைவே காரணம் என்றும் கண்டனர். கவனிப்பாரின் குறைவையும், வீடும் ஊரும் மாறுவதால் உறவுகள் அறுவதையும் எஞ்சியவற்றுட் சேர்த்தனர். அவர்கள் ஆராய்ந்தவை பெரும்பாலும் மணமுறிவாலும் மணமின்மையாலும் அமைந்த குடும்பங்கள். நம் வன்னியிலோ இக்காரணங்கள் யாவற்றையும் போர் ஒருங்கே கொண்டுவந்து ஒரு வாசலில் இறக்கியது. எத்தனை இடப்பெயர்வு என்று கேட்டால் அப்பையன் விரல்விட்டு எண்ணி, நடுவில் மறந்துபோவான்.

இன்னொன்றும் உண்டு. குடியேற்றத்திட்டக் காணியின் அனுமதிப்பத்திரம் தந்தையின் பெயரில் இருந்தது. இறப்புச் சான்றிதழ் இன்றி அதனை மாற்ற வழியில்லை. சான்றிதழ் பெறுவதாயின், கணவர் இறந்தார் என்று மனைவி கையொப்பமிடல் வேண்டும். அவர் இடவில்லை. கந்தோர் வாசல்களில் அவர் கழித்த நாள்கள் கூலியிழந்த நாள்கள். கூலியிழந்த நாள்களில் அடுப்பு எரிவது அரிது. இறந்தார் என்னாமலே, காணாமற்போனமையை மட்டும் உறுதிசெய்யும் சான்றிதழுக்கு 2016ஆம் ஆண்டுச் சட்டம் இடந்தந்தது. அதற்குள் பையன் சாதாரணதரப் பரீட்சையே எழுதி முடித்துவிட்டான். 2017 பெப்ரவரி 20ஆந் திகதி கிளிநொச்சி கந்தசுவாமி ஆலய முன்றலில் உறவுகளைத் தேடுவோர் தொடர்போராட்டத்தைத் தொடங்கியபோது, பந்தலில் அமர்ந்தவருள் அத்தாயாரும் ஒருவர். அந்நாள்களில் தங்கைக்குச் சமைத்து அனுப்பியவன் உயர்தர வகுப்பு மாணவனாகிய அவனே.

சென்ற ஆவணியில் அவன் தன் திருமண அழைப்பிதழோடு எம் இல்லம் வந்தான். மணமகளின் தந்தை பெயருக்கு முன்னே ‘காலஞ்சென்ற’ என்றிருந்தது. மணமகனின் தந்தை பெயருக்கு முன்னே ‘திரு.’ என்று மட்டுமே இருந்தது. யாம் அதுபற்றி வினவவில்லை. “அம்மா கட்டாயம் வரச்சொன்னவா, சேர்” என்றான். குடும்பத்தோடு போயிருந்தோம்.