வேட்பாளர் இல்லாத தொகுதி

வாக்குரிமை மறுக்கப்பட்ட மக்களின் கதைகள் ஏராளம். வாக்குரிமை வந்து சேர்ந்தும், தேர்தல் நாள் குறிக்கப்பட்டும், வேட்பாளர் ஒருவரும் இல்லாததால் வாக்களிக்க முடியாமற்போன மக்களின் கதை ஒன்று உண்டு. அதைத்தான் சொல்ல விழைகிறேன். இலங்கையின் வடமுனையிலே, யாழ்ப்பாணக் குடாநாட்டிலே இருந்த பருத்தித்துறைத் தொகுதியின் கதை அது.

அதற்கு முன்பு இலங்கைச் சட்டசபை சீமான்களின் சபை. சொத்து உண்டா, வருவாய் உண்டா, படிப்பு உண்டா என்று பார்த்தே வாக்குரிமை வழங்கினர். நூறு பேரில் ஏறத்தாழ நால்வருக்கே அது கிட்டிற்று. 1927இல் டொனமூர் ஆணைக்குழு வந்தது. அதன் விளைவாக, 1931இல் 21 வயது நிரம்பிய ஆணுக்கும் பெண்ணுக்கும் வாக்கு என்றாயிற்று. ஆண்டையின் வயலில் உழைத்தவனும், மரமேறிக் கள் இறக்கியவனும், எழுத்தறியாத ஏழைத் தாயும் வாக்காளர்! பிரிட்டனிலேயே பெண்கள் ஆண்களுக்கு நிகராக வாக்குரிமை பெற்றது 1928இல்தான். இந்தியா அனைவருக்குமான வாக்குரிமையோடு பொதுத்தேர்தல் கண்டது 1951–52இல்.

மேட்டுக்குடியினர் இதனை விரும்பினரா? இல்லை. பெரும் புகழ் படைத்த சர் பொன்னம்பலம் இராமநாதனே எதிர்த்தார். கீழே இருப்பவன் கைக்கு வாக்கு வந்தால் மேலே இருப்பவன் நிலை என்னாவது? அந்த அச்சம் எளிதில் விளங்குகிறது. ஆனால் பருத்தித்துறையின் முதல் வாக்கைத் தடுத்தவர்கள் அந்தப் பழமைவாதிகள் அல்லர், சீர்திருத்தவாதிகள்! அதுதான் என் நெஞ்சை உறுத்துகிறது.

1924இல் மாணவர் காங்கிரசாகத் தோன்றியது யாழ்ப்பாண இளைஞர் காங்கிரசு. ஹண்டி பேரின்பநாயகம் போன்ற ஆசிரியர்கள் அதற்கு உயிரூட்டினர். பள்ளியிலே சாதி பாராமல் சம ஆசனம், பந்தியிலே சம போசனம் என்று முழங்கிய இயக்கம் அது. சம ஆசனம் கேட்டதற்காகப் பள்ளிக்கூடங்களுக்கே தீ வைத்த காலத்தில் அப்படிப் பேசுவதற்குத் துணிவு வேண்டும். அவர்களிடம் அது இருந்தது.

அந்த இளைஞர்கள் கேட்டது முழு விடுதலை. டொனமூர் திட்டமோ நிதியையும் சட்டத்தையும் பாதுகாப்பையும் வெள்ளை அதிகாரிகளிடமே விட்டுவைத்தது. கவர்னரின் மேலதிகாரமும் குறையவில்லை. இது அரைகுறை ஏற்பாடு, இதனைப் புறக்கணிப்போம் என்று 1931 ஏப்ரலில் தீர்மானித்தனர். மே 4 வேட்புமனு நாள். யாழ்ப்பாணம், காங்கேசன்துறை, ஊர்காவற்றுறை, பருத்தித்துறை ஆகிய நான்கு தொகுதிகளிலும் வேட்பாளர் எவரும் இல்லை. 50 தொகுதிகளில் 46 மட்டுமே உறுப்பினரைப் பெற்றன.

கொள்கை உயர்ந்ததுதான். விலை கொடுத்தது யார்?

டொனமூர் சபையில் உறுப்பினர்கள் ஏழு குழுக்களாகப் பிரிந்து அமர்வர். கல்வி, சுகாதாரம், உள்ளூராட்சி எல்லாம் அக்குழுக்களின் பொறுப்பு. குழுவின் தலைவரே அமைச்சர். அவரைத் தேர்ந்தெடுப்பவர்கள் குழு உறுப்பினர்கள். ஆகவே ஆசனம் காலியென்றால் பேச்சு மட்டுமா போயிற்று? பள்ளிக்கும் மருத்துவமனைக்கும் பணம் பங்கிடும் மேசையிலும் இடம் போயிற்று. படித்தவருக்குப் பத்திரிகை உண்டு, மேடை உண்டு, அதிகாரியின் வாசலிலே மரியாதை உண்டு. சேரியில் வாழ்ந்தவனுக்கு இருந்தது அந்த ஒரு வாக்குத்தான். அதைப் பயன்படுத்த அவன் மூன்றாண்டு காத்திருந்தான். அவனைக் கேட்டா முடிவு செய்தார்கள்?

என் பாட்டி எழுத்தறியாதவர். தேர்தல் நாளன்று விடியுமுன் குளித்து, இருப்பதில் நல்ல சேலையை உடுத்தி, வரிசையில் முதலாளாக நிற்பார். "பண்ணையாருக்கும் ஒரு ஓட்டு, எனக்கும் ஒரு ஓட்டு" என்பார். அதைவிடச் சுருக்கமாகச் சமத்துவத்திற்கு விளக்கம் சொன்னவரை நான் கண்டதில்லை. அத்தகைய பாட்டிகள் பருத்தித்துறையிலும் இருந்திருப்பார்கள் அல்லவா?

1934இல் இடைத்தேர்தல் வந்தது. பருத்தித்துறை ஜி.ஜி. பொன்னம்பலத்தைத் தேர்ந்தெடுத்தது. பின்னர் ஐம்பதுக்கு ஐம்பது என்ற கோரிக்கையால் அவர் பெயர் பரவிற்று. இனவாரிப் பங்கீடே அரசியலின் பேச்சாயிற்று. சாதி ஒழிப்பையும் முழு விடுதலையையும் பேசிய இளைஞர் காங்கிரசு செல்வாக்கிழந்து ஒடுங்கிற்று. அவர்கள் விட்ட இடத்தை வேறொரு அரசியல் நிரப்பிற்று. 1947இல் அரசாங்க சபையே முடிவுற்றது. அதன் தொகுதிகளும் மறைந்தன. சாதி மறைந்ததா? 1968இல்கூட மாவிட்டபுரம் கோயில் வாயிலில் நின்று, உள்ளே விடுங்கள் என்று ஒடுக்கப்பட்டோர் போராட வேண்டியிருந்தது.

இளைஞர் காங்கிரசின் தூய்மையை நான் ஐயுறவில்லை. தூய்மை மட்டும் போதாது என்கிறேன். குறையுள்ள உரிமையானாலும், அது முதன்முதலாக ஏழையின் கைக்கு வரும்போது, வேண்டாம் என்று சொல்லும் உரிமை ஏழைக்கே உண்டு. அவனுக்காக வாதாடுவோர், அவன் சார்பில் துறவு பூணலாகாது.