ஸ்டெனோ ஆண்டகைக்குப் பேசாலையிலிருந்து ஒரு மடல்

மதிப்புக்குரிய நிக்கலஸ் ஸ்டெனோ ஆண்டகை அவர்களுக்கு,

நீங்கள் கண்மூடி ஏறக்குறைய 340 ஆண்டுகள் ஆகின்றன. உங்கள் உடல் புளோரன்ஸ் நகரின் சான் லொரன்சோ ஆலயத்தில் இருக்கிறது. நான் மன்னார்த் தீவின் பேசாலையில் இருக்கிறேன். இந்த ஊரின் பெயரை நீங்கள் கேள்விப்பட்டிருக்க வழியில்லை. ஆனால் உங்களைப் புவிச்சரிதவியலுக்கு இழுத்து வந்த பிராணி எங்கள் துறையில் அடிக்கடி வந்து இறங்குகிறது. சுறாவைத்தான் சொல்கிறேன்.

1666இல் லிவோர்னோவுக்கு அருகே பிடிபட்ட ஒரு பெரிய சுறாவின் தலையை மெடிச்சிக் கோமகன் உங்களிடம் அனுப்பி, வெட்டிப் பார்க்கச் சொன்னார். நீங்கள் வைத்தியம் படித்தவர். கன்னத்து உமிழ்நீர்க் குழாய்க்கு இன்றைக்கும் உங்கள் பெயர்தான். சுறாவின் வாயைத் திறந்து பல்லைப் பார்த்தபோது, மலைப் பாறைகளில் கிடைக்கும் ‘நாக்குக் கற்கள்’ உங்கள் நினைவுக்கு வந்தன. அவை வானத்திலிருந்து விழுந்தவை என்றார்கள் சிலர். மோல்ற்றாத் தீவில் புனித பவுல் சபித்த பாம்புகளின் நாக்குகள் என்றார்கள் பக்தர்கள். சுறாப் பல் என்று உங்களுக்கு முன்பே சொன்னவர்களும் இருந்தார்கள். நீங்கள் அதோடு நிற்காமல் அடுத்த கேள்வியையும் கேட்டீர்கள்: சுறாவின் பல் கல்லுக்குள் எப்படிப் போனது?

மூன்று ஆண்டு கழித்து வந்த உங்கள் சிறு நூல் அதற்குப் பதில் சொன்னது. அந்தக் கல் ஒரு காலத்தில் நீருக்கடியில் படிந்த சேறு. சேறு படை படையாகப் படியும். கீழே கிடக்கும் படை முதலில் வந்தது, மேலே இருப்பது பிறகு வந்தது. இதைச் சொல்ல ஒரு மேதை வேண்டுமா ரீச்சர் என்று என்னிடம் படிக்கும் பிள்ளைகள் கேட்பார்கள். வேண்டித்தான் இருந்தது, பிள்ளைகளே.

ஆண்டகை, எனக்கு உங்களை அறிமுகப்படுத்தியவர் எங்கள் பங்குச் சுவாமி ஒருவர். எழுபதுகளில் பேசாலையில் எண்ணெய் தேடிக் கிணறு துளைத்தார்கள். சோவியத் நாட்டு நிபுணர்கள் வந்திருந்தார்கள். பனையைவிட உயரமான இரும்புக் கோபுரத்தைப் பார்க்க நாங்கள் பள்ளிக்கூடம் விட்டதும் ஓடுவோம். ஞானோபதேச வகுப்பில் நான்தான் கேட்டேன்: “சுவாமி, கடவுள் ஆறு நாளில் உலகத்தைப் படைத்தார் என்றால், கீழே துளைக்கத் துளைக்க வேறு வேறு கல் ஏன் வருகுது?” கேள்விக்கு அடி விழும் என்று பக்கத்தில் இருந்தவள் என் கையைக் கிள்ளினாள். சுவாமி அடிக்கவில்லை. “மண்ணை வாசிக்கிறதுக்கு ஒரு பாடம் இருக்கு. அதை எழுதினவர் பிறகு சுவாமியாகி, ஆண்டகையும் ஆனவர்” என்றார். உங்கள் பெயரைக் கரும்பலகையில் எழுதிக் காட்டினார். அந்தக் கிணற்றில் எண்ணெய் வரவில்லை. எனக்கு ஒரு தொழில் வந்தது.

நான் புவியியல் ஆசிரியை ஆனேன். எங்கள் மாவட்டத்தைப் போல ஒரு பாடசாலை கிடைப்பது அரிது. யாழ்ப்பாணத்திலிருந்து மன்னார் வழியாகப் புத்தளம் வரை நிலத்துக்கடியில் மயோசின் காலச் சுண்ணக்கல் ஓடுகிறது. ஒரு கோடி ஆண்டுகளுக்கும் மேல் பழையது, கடலடியில் உண்டானது. வேலண்ட் என்ற புவிச்சரிதவியலாளர் டேவிஸ் என்பவருடன் சேர்ந்து 1923இலேயே அதைப் பற்றி எழுதிவிட்டார். உள்நாட்டுப் பக்கம் மடுவை நோக்கிப் போனால் அந்தக் கல் முடிந்து வன்னியின் பழம்பாறை தொடங்கும். அது வெப்பத்திலும் அழுத்தத்திலும் உருமாறியே ஐம்பது கோடி ஆண்டுக்கு மேல். மடு மாதாவின் திருவிழாவுக்கு வண்டி கட்டிப் போன எங்கள் முன்னோர், ஒரே பயணத்தில் கோடிக்கணக்கான ஆண்டுகளைக் கடந்து போயிருக்கிறார்கள். அவர்களுக்கு அது தெரியாது. தெரிந்திருந்தாலும் மாதாவின் மேலிருந்த பக்தி குறைந்திருக்கும் என்று நான் நினைக்கவில்லை.

இனி நான் இந்த மடலை எழுதக் காரணமான இரவு. 1990இல் யுத்தம் மீண்டும் மூண்டபோது பேசாலையிலிருந்தும் தலைமன்னாரிலிருந்தும் ஆயிரக்கணக்கானோர் படகேறி இராமேஸ்வரம் போனோம். எங்களை ஏற்றிய ஓட்டி இந்தியக் கரை வந்துவிட்டது என்று சொல்லி இருட்டில் இறக்கிவிட்டுத் திரும்பிவிட்டான். விடிந்து பார்த்தால் சுற்றிலும் கடல். நாங்கள் நின்றது ஒரு தீடை. தலைமன்னாருக்கும் தனுஷ்கோடிக்கும் நடுவே முப்பது கிலோமீட்டர் அளவுக்கு வரிசையாகக் கிடக்கும் மணல் திட்டுகளில் ஒன்று. வெள்ளைக்காரன் வரைபடத்தில் அந்த வரிசைக்குப் பெயர் ஆதாம் பாலம். எங்கள் சைவச் சகோதரர்களுக்குச் சேது. ஏதேனை விட்டு இலங்கைக்கு வந்த ஆதாம் இதன் மேல்தான் நடந்தார் என்பது முஸ்லிம்கள் வழி வந்த கதை.

கூட வந்த எங்கள் ஐயா செபமாலையைக் கையில் பிடித்தபடி கேட்டார்: “பிள்ளை, இது ஆதாம் நடந்த மண் எண்டால், உலகம் தொடங்கினதே இங்கதானோ?” அவர் வேடிக்கையாகக் கேட்டாரா, பயத்தில் கேட்டாரா என்று இன்றும் எனக்குத் தெரியாது. நான் குனிந்து கையால் மண்ணைத் தோண்டினேன். மேலே நொய் மணல். அதன் கீழே சிப்பி ஓடு. அதற்கும் கீழே பரல் மணல், முருகைக்கல் துண்டுகள். கீழே இருப்பது முதலில் வந்தது. உங்கள் பாடம்.

நான் ஐயாவிடம் சொன்னேன்: “இல்லை ஐயா. இது உலகத்தில மிகப் பிந்தி வந்த மண்.” இருபதாயிரம் ஆண்டுகளுக்கு முன், பனிக்காலத்தில் கடல்மட்டம் இன்றையதைவிட 120 மீட்டர் அளவுக்குக் கீழே இருந்தது. பாக்கு நீரிணை முழுவதும் தரை. பனி உருகிக் கடல் ஏறியது. இலங்கை பிரிந்தது. பிறகு அலையும் நீரோட்டமும் கொண்டுவந்து குவித்ததுதான் இந்தத் தீடை மணல். ஐயா கொஞ்ச நேரம் பேசாமல் இருந்தார். “அப்ப கடல் இதைக் கட்டிக்கொண்டுதான் இருக்கு. எங்களை உடனே விழுங்காது” என்றார். மத்தியானத்துக்குப் பிறகு இராமேஸ்வரத்து மீனவர்கள் வந்து எங்களை ஏற்றினார்கள். அவர்களுக்கும் என் நன்றி. பெயர் கேட்க மறந்துபோனேன்.

அந்த மணலில் நின்றுகொண்டு நான் விசுவாசத்தை இழக்கவில்லை என்பதற்காக உங்களுக்கு நன்றி சொல்கிறேன், ஆண்டகை. இழக்காததற்குக் காரணம், விசுவாசம், புவிச்சரிதம் இரண்டில் ஒன்றை விடச் சொல்லி யாரும் என்னைச் சிறுவயதில் மிரட்டாததுதான். யாழ்ப்பாணத்தில் என் பெரியம்மா வீட்டில் பழைய ஆங்கில வேதாகமம் ஒன்று இருந்தது. ஆதியாகமத்தின் ஓரத்தில் கி.மு. 4004 என்று அச்சடித்திருந்தது. அயர்லாந்தின் அஷர் பேராயர் உங்கள் காலத்தில் வம்ச வரலாறுகளைக் கூட்டிப் போட்ட கணக்கு. அதை வேதவசனம் என்றே பெரியப்பா நம்பினார். ஓரத்தில் இருந்ததை உள்ளே இருந்ததோடு குழப்பிக்கொண்ட நல்ல மனிதர்.

நமது திருச்சபை அந்த ஓரக்குறிப்பை ஒருபோதும் விசுவாச சத்தியம் ஆக்கவில்லை. படைப்பின் ‘நாள்’ என்பது இருபத்துநான்கு மணி நேரமாகத்தான் இருக்கவேண்டுமா என்று ஐந்தாம் நூற்றாண்டிலேயே புனித அகுஸ்தீன் யோசித்துவிட்டார். 1909இல் ரோமின் விவிலிய ஆணைக்குழு, அந்தச் சொல்லைக் காலப்பகுதி என்று பொருள்கொள்ளவும் இடம் விட்டது. ஆனால் இதையெல்லாம் ஞாயிறு பிரசங்கத்தில் நான் கேட்டது மிகக் குறைவு. அந்த இடைவெளியில்தான் இப்போது வெளியிலிருந்து வருகிறவர்கள் வழவழப்பான தாளில் துண்டுப்பிரசுரம் கொடுக்கிறார்கள். பூமிக்கு வயது ஆறாயிரம், சுண்ணக்கல் முழுவதும் நோவாவின் வெள்ளத்தில் ஒரே ஆண்டில் வந்தது என்று போட்டிருக்கிறது. போன வருடம் தரம் பத்துப் பிள்ளை ஒன்று அதைக் கொண்டுவந்து, “ரீச்சர், சோதனையில் எதை எழுத?” என்று கேட்டது. கோபம் வந்தது. பிள்ளை மேல் அல்ல.

உண்மையைச் சொல்லவேண்டும். நோவாவின் வெள்ளத்தை நீங்களும் விடவில்லை. தொஸ்கானா மலைகளின் கதையை எழுதும்போது அந்த வெள்ளத்துக்கு ஓர் இடம் வைத்தீர்கள். பூமியின் வயது கோடிக்கணக்கில் போகும் என்று உங்களுக்குத் தெரியாது. துண்டுப்பிரசுரக்காரர்கள் இதை அறிந்தால் உங்களைத் தங்கள் பக்கம் சேர்த்துக்கொள்வார்கள். ஆனால் நீங்கள் படைகளை வரிசைப்படுத்தக் கொடுத்த விதி உங்கள் காலக்கணக்கைவிடப் பெரியதாக வளர்ந்தது. அந்த விதியைப் பிடித்துக்கொண்டுதான் பின்வந்தவர்கள் உங்களைத் தாண்டிப் போனார்கள். தன்னைத் திருத்தும் கருவியைத் தானே செய்து கொடுத்துவிட்டுப் போன ஆசிரியருக்கு நான் வேறென்ன சொல்ல?

அந்தச் சிறு நூலுக்குப் பிறகு, 1675இல் நீங்கள் குருவானீர்கள், இரண்டாண்டில் ஆயர் ஆனீர்கள். ஏழைகளுக்காக ஆயர் மோதிரத்தையே விற்றீர்கள் என்று வாசித்தேன். 1988 ஒக்ரோபரில் இரண்டாம் யோவான் பவுல் பாப்பரசர் உங்களுக்கு முத்திப்பேறு பட்டம் கொடுத்தார்.

இங்கே இப்போது வேறொரு வழக்கு நடக்கிறது. எங்கள் கடற்கரை மணலில் கறுப்பாக மின்னும் இல்மனைற்றை அள்ளிப் போக வெளிநாட்டுக் கம்பனி வந்திருக்கிறது. ஊர் சனமும் சுவாமிமாரும் தெருவில் நின்று வேண்டாம் என்கிறார்கள். அந்தக் கறுப்பு மணல் உள்நாட்டுப் பழம்பாறைகள் அரிந்து, ஆறுகளில் உருண்டு, அலையில் தேறி இங்கே வந்து சேர்ந்தது. அதோடு கலந்து கிடக்கும் சேர்க்கன் மணிகளைக் கொண்டுதான் விஞ்ஞானிகள் பாறைகளின் வயதைக் கணிக்கிறார்கள். அள்ளிய மணலை ஒரு தலைமுறைக்குள் யாரும் திருப்பிப் போட முடியாது. இதைச் சொல்ல எனக்குப் புவிச்சரிதம் தெரியவேண்டி இருந்தது. இது யாருடைய படைப்பு என்று சொல்ல ஞானோபதேசம் தெரியவேண்டி இருந்தது.

வரும் மாதம் பிள்ளைகளை அரிப்பு என்ற ஊருக்குக் கூட்டிப் போகிறேன். அங்கே அல்லிராணி கோட்டை என்று நாங்கள் சொல்லும், ஆளுநர் நோர்த் கட்டிய மாளிகை கடல் அரித்துச் சரிந்து கிடக்கிறது. கரை அரிந்த இடத்தில் படைகள் தெரியும். ஆளுக்கொரு கொப்பியில் கீழிருந்து மேலாக வரையச் சொல்லப்போகிறேன். பேசாலைத் துறையில் சம்மாட்டி ஒருவரிடம் கேட்டு ஒரு சுறாப் பல்லும் வாங்கி வைத்திருக்கிறேன். காசு வேண்டாம் என்றுவிட்டார்.

இப்படிக்கு,
நன்றியுடன்,
ஓய்வுபெற்ற புவியியல் ஆசிரியை ஒருவர்,
பேசாலை, மன்னார்.