மூதாட்டி கற்பித்த பாடம்

மணிமேகலை கூறும் சாவகம் இன்றைய இந்தோனேசியாவைச் சேர்ந்த தீவு என்பர். அத்தீவிலுள்ள யோக்யகர்த்தா நகரில் பணிபுரியும் என் பழைய மாணவரைக் காணச் சென்றிருந்தேன். ஒருநாள் மாலை மாலியோபோரோ வீதியில் இளைஞரும் இளமகளிரும் திரளாக வந்தனர். இடையில் பாத்திக் துணி, மேலே குறுஞ்சட்டை, காலில் ஓட்டக் காலணி!

"முன்னோர் ஆடையை இங்ஙனம் சிதைக்கலாமோ?" என்று கடிந்தேன். மாணவர் மறுமொழி கூறாது, பாத்திக் எழுதும் மனை ஒன்றிற்கு என்னை அழைத்துச் சென்றார்.

அங்கு மூதாட்டி ஒருவர், சாந்திங் என்னும் சிறு செப்புக் கருவியில் உருகிய மெழுகை எடுத்துத் துணியில் கோலம் எழுதிக்கொண்டிருந்தார். மெழுகு படிந்த இடத்தில் சாயம் ஏறாது. சாயமிட்டபின் கொதிநீரில் மெழுகை நீக்குவர். ஓர் ஆடை முற்றுப்பெறப் பல வாரங்கள் ஆகும். 2009-ஆம் ஆண்டில் யுனெஸ்கோ இக்கலையை உலக மரபுச் செல்வங்களுள் ஒன்றாக ஏற்றது. ஆண்டுதோறும் அக்டோபர் 2-ஆம் நாளை இந்தோனேசியர் பாத்திக் நாளாகக் கொண்டாடுகின்றனர்.

"இக்கால இளைஞர் உடுத்தும் முறை தங்களுக்கு உவப்போ?" என்று மாணவர் வாயிலாக வினவினேன்.

மூதாட்டி நகைத்தார். "எவ்வாறேனும் உடுத்தட்டும், அச்சிட்ட துணியை விடுத்துக் கையால் எழுதியதை உடுத்தினால் எங்கள் அடுப்பு எரியும். கையால் எழுதியதற்கு இருபுறமும் ஒரே வண்ணம்" என்றார்.

அன்று காலை மலிவென்று கருதி நான் வாங்கிய துணியைப் பையிலிருந்து எடுத்துப் புரட்டினேன். பின்புறம் வெளிறிக் கிடந்தது.

முப்பதாண்டுகள் பிறர் பிழை திருத்திய நான், அன்று என் பிழையைக் கண்டேன். மரபு அதனைப் போற்றிப் பேசுவோரால் வாழ்வதில்லை. கைத்தொழிலாளர்க்கு உரிய கூலி கொடுத்து வாங்குவோரால் வாழ்கிறது.